மாயன்கள் எங்கே போனார்கள்?

காலை எட்டு மணிக்குக் கப்பல் நிற்கும். மாலை நாலரைக்குள் திரும்பி ஏறிவிட வேண்டும். தாமதமாக வந்தால் கப்பல் காத்திருக்காது. நம் செலவில் விமானம் பிடித்து அடுத்த துறைமுகத்தில் போய்ச் சேர்ந்துகொள்ள வேண்டியதுதான். இந்த எட்டரை மணி நேரத்துக்குள் 1300 வருஷத்துக் கோயில் ஒன்று, 'பாரம்பரிய கிராமம்' ஒன்று, மதியச் சாப்பாடு, கொஞ்சம் ஷாப்பிங், முடிந்தால் கடலில் ஒரு முழுக்கு. கரீபியன் கடலில் உல்லாசக் கப்பல் போகிறவர்களின் ஒரு நாள் இதுதான்.

இதெல்லாம் நமக்கு எதற்கு என்று பக்கத்தைப் புரட்டிவிடாதீர்கள். அமெரிக்காவில் பிள்ளையோ பெண்ணோ இருக்கும் வீடுகளில் இப்போது இது சகஜம். அப்பா, அம்மா ஆறு மாத விசாவில் வருகிறார்கள். நயாகரா பார்த்தாயிற்று. அடுத்தது கப்பல். டெக்ஸாஸிலிருந்தோ ஃப்ளோரிடாவிலிருந்தோ கிளம்பி ஏழு நாள் சுற்று. அதில் ஒரு நாள் மெக்சிகோவில் மாயன் கோயில். நான் போன கப்பலிலேயே நம்மவர்கள் நாலைந்து குடும்பம் இருந்தார்கள். இரவுச் சாப்பாட்டில் தயிர்சாதம் கிடைக்குமா என்று ஒரு பாட்டி கேட்க, கிடைத்தது!

நாங்கள் இறங்கிய இடத்துக்குக் 'கோஸ்டா மாயா' என்று பெயர். மாயன் கடற்கரை. இது ஊரின் பெயரல்ல, பிராண்ட் பெயர். ஊர் பெயர் மஹஹுவால். மெக்சிகோவின் கிழக்கு ஓரத்தில், பெலிஸ் நாட்டுக்குக் கொஞ்சம் மேலே இருக்கிற மீனவ கிராமம். 2001-ல் இங்கே உல்லாசக் கப்பல்களுக்கென்றே ஒரு துறைமுகம் கட்டினார்கள். 2007 ஆகஸ்ட்டில் டீன் என்ற புயல் வந்து அதைச் சுக்குநூறாக்கியது. அடுத்த வருஷமே திரும்பக் கட்டிவிட்டார்கள். மூவாயிரம் பேர்கூட இல்லாத ஊர். ஒரே ஒரு கப்பல் வந்து நின்றாலே ஊர் ஜனத்தொகையைவிட அதிகம் பேர் இறங்குகிறார்கள். சில நாளில் மூன்று கப்பல் சேர்ந்து நிற்கும்.

துறைமுக வாசலிலேயே மாயன் கோயில் பாணியில் கட்டடங்கள். உள்ளே நீச்சல் குளம், மது பார், வெள்ளி நகைக் கடை. கல் மாதிரி தெரிவது சிமென்ட். அதைப் பார்த்துவிட்டு மாயன்களைப் பார்த்தாயிற்று என்று கப்பலுக்குத் திரும்புகிறவர்களும் உண்டு. அவர்களை நான் குறை சொல்ல மாட்டேன். வெயில் அப்படி.

நிஜக் கோயில் ஒரு மணி நேர பஸ் பயணத்தில் இருக்கிறது. சச்சோபென். சிவப்பு மக்காச்சோளம் விளையும் இடம் என்று அர்த்தமாம். காட்டுக்கு நடுவே, புல் வெட்டி ஒழுங்கு செய்த மைதானம். அதில் படிப்படியாக உயரும் சுண்ணாம்புக் கல் மேடைகள். சிலவற்றின் மேல் மரமே முளைத்து நிற்கிறது. வேர், கல்லைப் பிடித்திருக்கிறதா, கல் வேரைப் பிடித்திருக்கிறதா என்று தெரியவில்லை. இன்னும் தோண்டாமல் விட்ட மேடுகள் சுற்றிலும் இருக்கின்றன. குன்று என்று நினைத்துக் கடந்து போனால், 'அதுவும் கோயில்தான்' என்கிறார் கைடு.

இந்த இடத்தை 'கண்டுபிடித்த' கதையைச் சொல்ல வேண்டும். பீட்டர் ஹாரிசன் என்ற அமெரிக்கத் தொல்லியல் அறிஞர் 1972-ல் இந்த இடத்தைப் பற்றி மெக்சிகோ அரசுக்குத் தெரிவித்தார். அதற்குப் பிறகு அகழாய்வு, வேலி, டிக்கெட் கவுன்டர், பஸ் எல்லாம் வந்தன. ஆனால் 1942-லிருந்தே அங்கே ஒரு மாயன் விவசாயி குடும்பத்தோடு குடியிருந்தார்! கோயில்களுக்கு நடுவே வீடு, பக்கத்தில் சோளக் கொல்லை. வெளியாள் வந்து பார்த்து எழுதிய தேதிக்குத்தான் 'கண்டுபிடிப்பு' என்று பெயர். முப்பது வருஷமாக அதன் நிழலில் சாப்பிட்டுத் தூங்கியவர் பார்த்ததற்குப் பெயரில்லை. பிறகு அவரை அந்த இடத்துக்குக் கௌரவக் காவலராக நியமித்தார்கள். தன் வீட்டுக்குத் தானே வாட்ச்மேன்.

எங்கள் பஸ்ஸில் நாற்பது பேர். கைடு முப்பத்தைந்து வயசுக்காரர். குள்ளமான, உறுதியான உடம்பு, அகலமான முகம். பஸ்ஸில் ஏறியதுமே, 'நான் மாயன். வீட்டில் அம்மாவோடு மாயன் மொழிதான் பேசுவேன். ஸ்பானிஷ் பள்ளிக்கூடத்தில் படித்தது, இங்கிலீஷ் உங்களிடம் படித்தது' என்று சொல்லிச் சிரிக்க வைத்தார். கோயில், காலண்டர், பூஜ்யத்தை அவர்கள் கணக்கில் பயன்படுத்தியது எல்லாவற்றையும் சுவாரசியமாகச் சொன்னார். எல்லாம் முடிந்ததும், 'ஏதாவது கேள்வி?' என்றார். ஒரு பெண்மணி கை தூக்கினார். மிகவும் உண்மையான அக்கறையோடு கேட்டார்:

'எல்லாம் சரி, கடைசியில் இந்த மாயன்கள் எங்கேதான் போனார்கள்?'

கைடு ஒரு விநாடி அவரைப் பார்த்தார். இந்தக் கேள்வியைப் பல நூறு தடவை கேட்டிருப்பார் போல. 'மேடம், நான் இன்று சாயங்காலம் ஐந்தரைக்கு வீட்டுக்குப் போவேன்' என்றார்.

எல்லோரும் சிரித்தோம். அந்தப் பெண்மணியும் சிரித்தார். ஆனால் அடுத்த நிழலுக்கு நடந்து போகும்போது தன் கணவரிடம், 'அதில்லை, அந்த மாயன்கள். நிஜ மாயன்கள்' என்று அவர் சொன்னது என் காதில் விழுந்தது.

இந்த 'நிஜ மாயன்கள்' என்ற வார்த்தையைப் பற்றித்தான் இந்த வாரம் உங்களோடு பேச நினைக்கிறேன்.

அந்தப் பெண்மணி முட்டாள் இல்லை. அவருக்குக் கிடைத்த படிப்பு அப்படி. 'மர்மமாக மறைந்துபோன நாகரிகம்' என்றுதான் டி.வி.யில் சொல்கிறார்கள். 2006-ல் மெல் கிப்ஸன் 'அபோகலிப்டோ' எடுத்தார். படம் முழுக்க மாயன் மொழி. நம் ஊர்களிலும் அதை வாய் பிளந்து பார்த்தோம். அதில் பேசப்பட்ட மொழியைத் தினமும் பேசுகிற மக்கள் இருக்கிறார்கள் என்று நம்மில் எத்தனை பேருக்குத் தோன்றியது? அப்புறம் 2012 டிசம்பர் 21. மாயன் காலண்டர் முடிகிறது, உலகம் அழியப் போகிறது என்று ஒரே அமர்க்களம். பத்திரிகைகளும் (இந்தத் தொழிலில் இருப்பவன்தான் நானும்) பக்கம் பக்கமாக எழுதின. பக்கத்தில் ஒரு மாயனைக் கூப்பிட்டு, 'ஏம்ப்பா, உங்க காலண்டர்ல அப்படியா போட்டிருக்கு?' என்று கேட்டிருந்தால் ஒரு நிமிஷத்தில் முடிந்திருக்கும். ஒரு பெரிய சுற்று முடிந்து அடுத்த சுற்று ஆரம்பிக்கிறது, அவ்வளவுதான்.

நடந்தது என்ன? ஒன்பதாம் நூற்றாண்டில் தெற்குப் பகுதியின் பெரிய நகரங்கள் பல கைவிடப்பட்டன. வறட்சி, ஓயாத சண்டை, மண் வளம் குறைந்தது என்று பல காரணங்கள் சொல்கிறார்கள். நகரங்கள்தான் காலியாயின. மக்கள் வேறு ஊர்களுக்குப் போனார்கள், வடக்கே வேறு நகரங்கள் வளர்ந்தன. ஸ்பானியர்கள் வந்தபோது மாயன்கள் இருந்தார்கள், எதிர்த்தார்கள். கடைசி மாயன் அரசு வீழ்ந்தது 1697-ல். 1562-ல் மனி என்ற ஊரில் தியெகோ தெ லாந்தா என்ற பாதிரியார் அவர்களுடைய புத்தகங்களைக் குவித்துத் தீ வைத்தார். அவர்களின் பழைய ஏடுகளில் இன்று உலகத்தில் மிச்சம் இருப்பது நாலே நாலு. 1847-ல் யுகடான் மாயன்கள் பெரும் கலகம் செய்தார்கள். அரை நூற்றாண்டு ஓடியது அந்தப் போர். இன்று கப்பல் நிற்கிற அந்தக் கடற்கரைப் பகுதி, அப்போது கலகக்காரர்களின் கையில் இருந்த நாடு. 1901-ல்தான் மெக்சிகோ ராணுவம் அவர்களுடைய தலைநகரைப் பிடித்தது.

பக்கத்து நாடு குவாத்தமாலா. அங்கே 1960-லிருந்து 1996 வரை உள்நாட்டுப் போர். 1999-ல் உண்மை அறியும் கமிஷன் அறிக்கை கொடுத்தது. கொல்லப்பட்டவர்கள், காணாமல் போனவர்கள் இரண்டு லட்சத்துக்கு மேல். அடையாளம் தெரிந்தவர்களில் 83 சதவீதம் மாயன்கள். சில பகுதிகளில் நடந்தது இனப்படுகொலை என்றே கமிஷன் எழுதியது. 1992-ல் அமைதிக்கான நோபல் பரிசு வாங்கிய ரிகோபெர்த்தா மெஞ்சு ஒரு மாயன் பெண். குடும்பத்தை அந்தப் போரில் பறிகொடுத்தவர்.

ஆக, மாயன்கள் மர்மமாக மறையவில்லை. அவர்களை மறைக்கப் பலர் பாடுபட்டார்கள். முடியவில்லை. மெக்சிகோவில் 2020 கணக்கெடுப்பின்படி யுகடான் மாயன் மொழியை மட்டும் ஏழரை லட்சத்துக்கு மேற்பட்டவர்கள் பேசுகிறார்கள். குவாத்தமாலாவையும் மற்ற நாடுகளையும் சேர்த்தால் மாயன்கள் அறுபது லட்சத்துக்கும் மேல்.

நான் காமர்ஸ் படித்தவன். எனக்கு இதில் ஒரு கணக்கு தெரிகிறது. சொத்துக்காரர் செத்துவிட்டார், வாரிசு இல்லை என்றால், சொத்து யாருக்கு? எடுத்தவருக்கு! 'மறைந்துபோன நாகரிகம்' என்ற சொல்லில் இந்தச் சௌகரியம் இருக்கிறது. வாரிசு இல்லையென்றால் யாரிடமும் அனுமதி கேட்க வேண்டாம், யாருக்கும் பங்கு கொடுக்க வேண்டாம். சிச்சென் இட்ஸா தெரியுமில்லையா? 2007-ல் புது உலக அதிசயங்கள் ஏழு என்று ஓட்டுப் போட்டுத் தேர்ந்தெடுத்தார்களே, அதில் ஒன்று. அந்த நிலத்தை 1894-ல் ஓர் அமெரிக்கத் தூதரக அதிகாரி, எட்வர்ட் தாம்ப்ஸன், பண்ணையோடு சேர்த்து விலைக்கு வாங்கினார். அங்கிருந்த புனிதக் கிணற்றைத் தூர் வாரி, கிடைத்த தங்கம், பச்சைக் கல் எல்லாவற்றையும் ஹார்வர்ட் பல்கலைக்கழக மியூசியத்துக்கு அனுப்பினார். பிறகு நிலம் ஒரு மெக்சிகோ குடும்பத்தின் கைக்கு வந்தது. 2010 வரை உலக அதிசயத்தின் அடிமனை ஒரு குடும்பத்தின் பட்டா நிலம். யுகடான் மாநில அரசு 22 கோடி பெஸோ கொடுத்துத்தான் வாங்கியது. இந்தக் கிரயப் பத்திரங்களில் எதிலும் கோயிலைக் கட்டியவர்களின் பேரப்பிள்ளைகள் கையெழுத்துப் போட்டதாகத் தெரியவில்லை.

வாரிசு என்றதும் இன்னொரு விஷயம். எங்கள் பஸ்ஸில் திருச்சிக்காரர் ஒருவர் இருந்தார். பொதுப்பணித் துறையில் எஞ்சினியராக இருந்து ரிட்டயர் ஆனவர். கோயிலைப் பார்த்ததும் என் தோளில் தட்டி, 'தம்பி, மயன் யாருன்னு நினைச்சீங்க? நம்ம ஆளு! மாயன்னு இவங்க சொல்றது அந்த மயனைத்தான்' என்றார். கன்னியாகுமரி வள்ளுவர் சிலையை வடித்த கணபதி ஸ்தபதி அவர்களே மாயன் கோயில்களை நேரில் பார்த்து, நம் சிற்ப சாஸ்திரத்துக்கும் அதற்கும் தொடர்பு உண்டு என்று நம்பியவர், எழுதியவர். ஸ்தபதியின் கை வேலையை நான் வணங்குகிறேன். ஆனால் இந்தத் தொடர்புக்கு ஆதாரம் கிடையாது. மாயன் கல்வெட்டுகளை இன்று பெருமளவு படித்துவிட்டார்கள். அதில் அவர்களுடைய ராஜாக்கள், அவர்களுடைய சண்டைகள், அவர்களுடைய மொழிதான் இருக்கிறது.

'சார், அப்படின்னா இந்த கைடு யாரு?' என்று அவரிடம் கேட்டேன். 'அவரும் நம்ம ஆளுதான்!' என்றார் சந்தோஷமாக. அன்பில்தான் சொன்னார். ஆனாலும் பாருங்கள், வெள்ளைக்காரப் பெண்மணி மாயன்களை மறையவைத்துவிட்டார், நம்மவர் அவர்களைத் தத்து எடுத்துவிட்டார். முன்னால் நிற்கிற ஆசாமி தன் தாத்தாவுக்குத் தானே பேரனாக இருக்க இரண்டு பேருமே விடவில்லை.

சாப்பாட்டுக்கு முன்னால் கிராமம்.

முட்டை வடிவத்தில் வளைந்த வீடு. குச்சி குச்சியாக நட்ட மரச் சுவர், மேலே ஓலைக் கூரை. உள்ளே நுழைந்தால் வெயில் காணாமல் போய்விடுகிறது. மூன்று கல் வைத்த அடுப்பு, அதன் மேல் தோசைக்கல் போன்ற தட்டு. ஐம்பது வயசுப் பெண்மணி, கழுத்தைச் சுற்றிப் பூவேலை செய்த வெள்ளை அங்கியில், மக்காச்சோள மாவை உள்ளங்கையால் தட்டித் தட்டி ரொட்டி போட்டுக்கொண்டிருந்தார். டோர்ட்டிய்யா. வாசலில் அவர் கணவர் வலைத் தூளி பின்னிக்கொண்டிருந்தார். கொடுக்கு இல்லாத தேனீக்களை மரக் கட்டைக்குள் வளர்ப்பதைக் காட்டினார்கள். நாற்பது பேரும் சுற்றி நின்று நாற்பது செல்போனில் எடுத்தோம்.

அந்த அடுப்படியில் இருந்த ஒரு பானையை யாரும் எடுக்கவில்லை. சுண்ணாம்பு கரைத்த நீரில் ஊறிய மக்காச்சோளம். அதற்குப் போட்டோ அழகு கிடையாது. ஆனால் அன்று நான் பார்த்ததில் பெரிய விஷயம் அதுதான். மக்காச்சோளத்தைச் சுண்ணாம்பு நீரில் வேக வைத்து ஊறப் போட்டு, தோலைக் கழுவி, அப்புறம்தான் அரைக்கிறார்கள். அப்படிச் செய்தால்தான் அதிலுள்ள நியாசின் என்ற வைட்டமின் உடம்பில் சேரும். இங்கிருந்து மக்காச்சோளத்தைக் கொண்டுபோன ஐரோப்பியர்கள் சுண்ணாம்பு விஷயத்தைக் கொண்டுபோகவில்லை. விளைவு, பெலாக்ரா என்ற நோய். தோல் உரியும், வயிறு கெடும், புத்தி தடுமாறும், கடைசியில் உயிர் போகும். வட இத்தாலியில் ஏழைகள் இரண்டு நூற்றாண்டு இதில் செத்தார்கள். அமெரிக்காவின் தென் மாநிலங்களில் இருபதாம் நூற்றாண்டின் தொடக்கத்தில் பல்லாயிரம் பேர். காரணம் நியாசின் குறைவு என்று விஞ்ஞானம் கண்டுபிடித்தது 1937-ல். இந்தப் பெண்மணியின் கொள்ளுப்பாட்டிக்கு என்ன செய்ய வேண்டும் என்று தெரிந்திருந்தது. (மறுபடியும் அந்தக் 'கண்டுபிடிப்பு'!)

அப்போது ஒரு சின்னச் சம்பவம். வீட்டின் பின்பக்கம் இன்னொரு வீடு. சிமென்ட் சுவர், மேலே டிஷ் ஆன்டெனா. அங்கிருந்து ஜீன்ஸ் போட்ட பெண் ஒருத்தி செல்போனில் பேசிக்கொண்டே வந்து, கூட்டத்தைப் பார்த்துவிட்டுத் திரும்பிப் போய்விட்டாள். எங்கள் பஸ்ஸில் வந்த ஓர் இளைஞருக்கு முகம் சுருங்கிவிட்டது. 'எல்லாம் செட்டப்! அந்த வீட்டுலதான் இவங்க நிஜமா இருக்காங்க. இது சும்மா நமக்காக' என்றார். ஏமாற்றிவிட்டார்கள் என்ற குரல்.

எனக்கு இதில் நியாயம் புரியவில்லை. நாம் பாய்மரக் கப்பலிலா வந்தோம்? பதினெட்டு மாடிக் கப்பல், அதில் சறுக்குமரம், ஐஸ் ஸ்கேட்டிங், இருபத்துநாலு மணி நேரமும் பீட்ஸா. அங்கிருந்து இறங்கி வருகிறவர், இந்த அம்மாள் மட்டும் ஓலைக் கூரையில், ஃபேன் இல்லாமல், புகையடுப்பில் ஆயுசு முழுக்க இருக்க வேண்டும் என்று எதிர்பார்க்கிறார். இருக்கவில்லையென்றால் போலி! நம் வீட்டுக் கல்யாணத்தில் மாப்பிள்ளை பஞ்சகச்சம் கட்டிக்கொண்டு உட்கார்கிறார். மறுநாள் பேன்ட் போட்டுக்கொண்டு ஆபீஸ் போகிறார். அதை யாராவது செட்டப் என்கிறோமா? இந்த அம்மாளுக்கு ரொட்டி தட்டத் தெரியும். தாய் சொல்லிக் கொடுத்தது. அதை ஒரு மணி நேரம் நமக்குச் செய்து காட்டுகிறார். அப்புறம் சிமென்ட் வீட்டில் போய் டி.வி. சீரியல் பார்ப்பார். இதில் பொய் எங்கே இருக்கிறது? நடிப்பு என்றால் துலும் கோயில் வாசலில் நடப்பதைச் சொல்லலாம். உயரமான கம்பத்திலிருந்து கயிறு கட்டிக்கொண்டு தலைகீழாகச் சுற்றி இறங்குகிறார்கள். அற்புதமான கலை. ஆனால் அது மாயன்களுடையதே அல்ல, வேராக்ரூஸ் பக்கத்து டோட்டனாக் மக்களுடையது. பார்க்கிறவர்களுக்கு எல்லாம் 'பழங்குடி' என்ற ஒரே கணக்கு.

சரி, அப்படியானால் தப்பே இல்லையா? மனிதர்களைக் காட்சிப் பொருளாக்குவது உறுத்தவில்லையா என்று நீங்கள் கேட்கலாம். உறுத்தத்தான் செய்தது. 1958-ல் பிரஸ்ஸல்ஸ் நகரத்தில் உலகப் பொருட்காட்சி நடந்தது. அதில் பெல்ஜியத்தின் காலனியான காங்கோவிலிருந்து ஆட்களைக் கூட்டிவந்து, ஓலைக் குடிசை போட்டு, மூங்கில் வேலிக்குப் பின்னால் கைவேலை செய்ய வைத்தார்கள். பார்க்க வந்தவர்கள் கேலி செய்தார்கள், வாழைப்பழம் வீசினார்கள். காங்கோக்காரர்கள் கொஞ்ச நாள் பொறுத்தார்கள். அப்புறம் புகார் செய்தார்கள். கடைசியில், போதுமய்யா உங்கள் பொருட்காட்சி என்று ஊருக்குக் கிளம்பிப் போய்விட்டார்கள்.

அந்தக் குடிசைக்கும் இந்தக் குடிசைக்கும் என்ன வித்தியாசம்? வேலி இல்லை என்பது மட்டும் போதாது. இவர்களால் வேண்டாம் என்று சொல்ல முடியுமா? 'இன்று பேத்திக்கு ஜுரம், யாரும் வர வேண்டாம்' என்று கதவைச் சாத்த முடியுமா? குழந்தையைப் படம் எடுக்காதே என்று சொன்னால் நாளைக்கும் பஸ் வருமா? நான் கைடிடம் இதையே கேட்டேன். 'சொல்லலாம். ஆனால் பஸ்ஸுக்கு வேறு கிராமம் கிடைத்துவிடும்' என்றார்.

இதைக் கிராமத்தின் பலவீனம் என்று நினைக்காதீர்கள். பதின்மூன்று கோடி ஜனங்கள் இருக்கிற மெக்சிகோ அரசாங்கத்தாலேயே முடியவில்லை. கப்பல் பயணிகள் இரவு தங்குவதில்லை, 'கடந்து போகிறவர்கள்'தான் என்று சொல்லி அவர்களுக்கு நுழைவு வரியே இல்லாமல் இருந்தது. 2024 டிசம்பரில் தலைக்கு 42 டாலர் என்று மெக்சிகோ நாடாளுமன்றம் தீர்மானித்தது. (அதில் மூன்றில் இரண்டு பங்கு ராணுவத்துக்கு என்றார்கள். கிராமத்துக்கு என்று யாரும் சொல்லவில்லை.) கப்பல் கம்பெனிகள் கொதித்தன. கரீபியனில் துறைமுகத்துக்கா பஞ்சம், வேறு பக்கம் போய்க்கொள்கிறோம் என்ற ரீதியில் பேச்சு. பேரம் நடந்தது. முடிவில் 42 டாலர், 5 டாலராயிற்று! 2025 ஜூலையிலிருந்து ஐந்து, படிப்படியாக ஏறி 2028-ல் இருபத்தொன்று. கப்பலுக்குச் சக்கரம் இல்லாவிட்டாலும் எங்கே வேண்டுமானாலும் போகும். கோயிலும் கிராமமும் நகர முடியாது. பேரத்தில் யார் கை ஓங்கும் என்று சொல்ல பி.காம். கூட வேண்டாம்.

ஆகவே போகாமல் இருப்பதே உத்தமம் என்று சொல்கிற நண்பர்கள் எனக்கு உண்டு. நான் ஒத்துக்கொள்ள மாட்டேன். பக்கத்து பெலிஸ் நாட்டில் நோமுல் என்று ஒரு மாயன் பிரமிடு. 2300 வருஷம் பழசு. டூரிஸ்ட் கூட்டம் எட்டிப் பார்க்காத இடம். 2013 மே மாதம் ஒரு ரோடு கான்ட்ராக்டர் புல்டோசரை விட்டு அதை இடித்தார். எதற்கு? ரோட்டுக்குக் கொட்ட ஜல்லி வேண்டுமாம்! யாரும் பார்க்க வராத கோயிலுக்கு அந்தக் கதி வந்தது. மனிதர்களுக்கும் அப்படித்தான். கொல்லை விளைச்சல் போதாமல் கான்கூன் ஹோட்டல்களில் பாத்ரூம் கழுவப் போகிற மாயன் பெண்கள் ஆயிரக்கணக்கில் இருக்கிறார்கள். அங்கே அவர்களுடைய மொழியையோ ரொட்டியையோ கேட்க ஆள் இல்லை. இங்கே இந்த அம்மாள் தன் வீட்டு வாசலில், தன் ஊர்க்காரர்களோடு உட்கார்ந்து, தனக்குத் தெரிந்த வேலையைச் செய்து சம்பாதிக்கிறார். அதைக் கேவலம் என்று சென்னையில் ஏ.ஸி. அறையில் உட்கார்ந்து முடிவு செய்ய நமக்கென்ன உரிமை?

எனக்கு ஆட்சேபணை பார்ப்பதில் இல்லை. கணக்கில். குவாத்தமாலாவில் மாயன் நெசவுப் பெண்கள் 2016-ல் அந்த நாட்டு அரசியல் சாசன நீதிமன்றத்துக்கே போனார்கள். எங்கள் டிசைன்களைக் கம்பெனிகள் எடுத்து மெஷினில் அடித்து விற்கின்றன, தலைமுறை தலைமுறையாக எங்கள் ஊர் உருவாக்கியதற்கு சட்டப் பாதுகாப்பு கொடுங்கள் என்றார்கள். பரிதாபப்படுங்கள் என்று அவர்கள் கேட்கவில்லை. இது எங்கள் சொத்து, இதற்கு நாங்கள் வாரிசு, உயிரோடு இருக்கிறோம் என்றார்கள். புன்ட்டா லகூனா என்று யுகடானில் ஓர் இடம். ஏரி, குரங்குகள் நிறைந்த காடு. அங்கே கைடு, டிக்கெட் எல்லாமே அங்குள்ள மாயன் குடும்பங்களின் கூட்டுறவு. எந்த இடம் வரை ஆள் போகலாம் என்று அவர்கள்தான் சொல்கிறார்கள். பார்க்கப் போகிறவர்களுக்கு அனுபவம் குறைந்துவிடவில்லை.

நாங்கள் கிளம்புகிற நேரம். எல்லோரும் கைவேலை சாமான்களில் பேரம் பேசிக்கொண்டிருந்தார்கள். பூவேலை சட்டை ஒன்றுக்கு விலை கேட்டு, பாதிக்குக் கேட்டு, முக்காலுக்கு முடிந்தது. பேரம் பேசியவர் முந்தின இரவு கப்பல் காஸினோவில் இதைப்போல் பத்து மடங்கு விட்டதைச் சிரித்துக்கொண்டே சொன்னவர். அப்போது அந்த அம்மாள் கைடிடம் தன் மொழியில் ஏதோ கேட்டார். கைடு ஒரு வார்த்தையில் பதில் சொல்லிவிட்டு எங்களை பஸ்ஸுக்கு விரட்டினார்.

பஸ்ஸில் அவர் பக்கத்து இருக்கை காலியாக இருந்தது. போய் உட்கார்ந்து, என்ன கேட்டார்கள் என்றேன். முதலில் சொல்லவில்லை. மறுபடி கேட்டதும் சொன்னார்.

'நம்ம வீட்டைப் பார்க்க இவங்க தலைக்கு எவ்வளவு கொடுக்கறாங்கன்னு கேட்டாங்க.'

'நீங்க என்ன சொன்னீங்க?'

'தெரியாதுன்னு சொன்னேன்.'

ஹோட்டலில் இரண்டு இட்லி சாப்பிட்டால் பில்லில் இட்லி எவ்வளவு, வரி எவ்வளவு என்று பிரித்துப் போடுகிறார்கள். கப்பல் கம்பெனியின் சுற்றுலா டிக்கெட்டில் மட்டும் ஒரே தொகைதான். கப்பலுக்கு எவ்வளவு, பஸ்காரருக்கு எவ்வளவு, கோயில் நுழைவுக் கட்டணம் எவ்வளவு, கிராமத்துக்கு எவ்வளவு என்று நாலு வரி அச்சடிக்கப் பெரிய செலவில்லை. டிக்கெட் வாங்குகிறவர்கள் கேட்டால் அச்சடிப்பார்கள். அன்று நாற்பது பேரில் அந்தக் கேள்வியைக் கேட்டவர் ஒருவர்தான். அவரிடம் டிக்கெட் இல்லை.